ஓட்டமே கவசம்: பழைய சுடும் விளையாட்டுகள் குறித்து வாசகர் கேள்விகள்

சென்ற இதழில், விடுமுறையில் பிள்ளைகள் கணினியில் என்ன விளையாடலாம் என்று கேட்ட வாசகர் ஒருவருக்கு எழுதிய பதிலின் நடுவே, 1990களில் வந்த வேகமான சுடும் விளையாட்டுகள் இன்றைக்கும் சலிப்பதில்லை என்று போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருந்தேன். அந்த ஒரு வரிக்குத்தான் இம்முறை நெல்லைச் சீமையிலிருந்து இத்தனை கடிதங்கள். உடன்பட்டவர்களைவிடக் கோபித்துக்கொண்டவர்களே அதிகம் என்பதால், மற்றக் கேள்விகளை அடுத்த இதழுக்குத் தள்ளிவைத்துவிட்டு இதை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

கேள்வி: பொறியியல் படிக்கும் என் பேரன் விடுமுறைக்கு வீட்டுக்கு வந்தால், 1993இல் வெளிவந்ததாம், 'டூம்' என்றொரு விளையாட்டைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறான். படமோ கட்டம் கட்டமாகத் தெரிகிறது. கதை என்று சொல்லும்படி ஒன்றும் இல்லை. திரைப்படம் போன்ற தெளிவுடன் எத்தனையோ விளையாட்டுகள் இருக்கும்போது அவன் இதில் எதைக் காண்கிறான்? பக்கத்தில் அமர்ந்து கால் மணி நேரம் பார்த்தேன். தலை சுற்றியதுதான் மிச்சம்.
— ஓய்வுபெற்ற கணித ஆசிரியர், பாளையங்கோட்டை

பதில்: ஐயா, திரையின் அடியில் எப்போதும் ஒரு துப்பாக்கி நீட்டிக்கொண்டிருப்பதால், பார்க்கிறவர்களுக்கு அது சுடுகிற விளையாட்டாகத் தெரிகிறது, விளையாடுகிறவனுக்கோ அதில் முக்கால் பங்கு ஓட்டம். டூமில் 'இம்ப்' என்னும் பழுப்பு நிற அரக்கன் ஒருவன் வருவான், நீங்களும் பார்த்திருப்பீர்கள். சாதாரண நிலையில் அவன் வீசும் தீப்பந்து, விளையாடுபவரின் ஆள் முழு வேகத்தில் ஓடுவதைவிட மெதுவாகத்தான் வருகிறது. விளையாட்டின் கடிகாரம் நொடிக்கு 35 முறை துடிக்கிறது. ஒரு துடிப்புக்குத் தீப்பந்து 10 அலகு நகர்கிறது, ஆளோ ஏறத்தாழ 17 அலகு ஓடிவிடுகிறான். ஆகவே எதிரி எறிந்தது கண்ணுக்குத் தெரிகிறது, அது எங்கே வந்து சேரும் என்று கணிக்க முடிகிறது, சற்று ஒதுங்கினால் தப்பவும் முடிகிறது. அடிபட்டால், எங்கே பிசகினோம் என்பது அடிபட்டவனுக்கு அந்தக் கணமே விளங்கிவிடும். அதனால்தான் தோற்றவுடன் எரிச்சலடைந்து எழுந்து போகாமல், மறுபடியும் அதே அறைக்குள் நுழைகிறான்.

எல்லா எதிரிகளும் தீப்பந்து எறிபவர்களாக இருந்தால் இது சீக்கிரமே சலித்துவிடும். துப்பாக்கி ஏந்திய சிப்பாய்களும் வருகிறார்கள். அவர்கள் சுட்டால் குண்டு அந்தக் கணமே பட்டுவிடும், ஒதுங்க நேரம் கிடையாது, ஆகையால் அவர்களை முதலில் தீர்க்க வேண்டும். இளஞ்சிவப்பு நிறத்தில் ஒரு மிருகம் கடிப்பதற்காக நேரே பாய்ந்து வரும். அதற்குப் பக்கவாட்டில் இடம் விட்டுக் கொடுத்தால் போதும். இவை மூன்றும் ஓர் அறைக்குள் சேர்ந்து நிற்கும்போது, யாரை முதலில் தீர்ப்பது, யாரைச் சுற்றிவிட்டுப் போவது, எந்த மூலையில் மாட்டிக்கொள்ளாமல் இருப்பது என்ற கணக்கை ஓடிக்கொண்டே போட வேண்டும். இதில் ஒரு சூட்சுமமும் உண்டு. ஓர் அரக்கனின் தீப்பந்து வேறோர் இனத்து அரக்கன் மேல் பட்டால், பட்டவன் நம்மை மறந்துவிட்டு எறிந்தவன் மேல் பாய்வான். இருவருக்கும் நடுவே சரியான இடத்தில் போய் நின்று, பந்து வரும் நேரம் விலகிக்கொண்டால், ஒரு தோட்டாவும் செலவில்லாமல் பாதி வேலை முடிந்துவிடும். அடுத்த முறை பேரன் சிரித்துக்கொண்டு ஒரு மூலையில் சும்மா நிற்பதைக் கண்டால், அங்கே கலகம் மூட்டிவிட்டு வேடிக்கை பார்க்கிறான் என்று அறிக.

பிற்காலத்தில் வந்த விளையாட்டுகள் இந்த இடத்தில்தான் வேறு வழிக்குப் போயின. 2001இல் வெளிவந்த 'ஹேலோ'வில் ஆளின் கவசம், சிறிது நேரம் அடிபடாமல் இருந்தால் தானே நிரம்பிக்கொண்டது; கையில் இரண்டு ஆயுதங்களுக்கு மேல் வைத்துக்கொள்ள முடியாது. 2005இல் 'கால் ஆஃப் டியூட்டி 2' மருந்துப் பெட்டிகளையே எடுத்துவிட்டு, உடம்பு தானாகத் தேறும் முறையைக் கொண்டுவந்தது. அடிபட்டுத் திரை சிவந்தால், ஒரு சுவருக்குப் பின்னால் குனிந்து சில நொடிகள் காத்திருந்தால் போதும். அந்த முறைக்கும் ஓர் அழகு உண்டு. போர்க்களத்தின் அச்சத்தைக் காட்ட அது பொருத்தமானது. ஆனால் அங்கே பதுங்குகிறவன் பிழைக்கிறான், டூமில் பதுங்குகிறவன் அழிகிறான். டூமில் உடம்பு தானாகத் தேறாது. மருந்துப் பெட்டி எதிரிகள் நிற்கும் கூடத்தின் நடுவே கிடக்கும். எத்தனை குறைவான உயிர் இருக்கிறதோ அத்தனை துணிந்து உள்ளே போனால்தான் அதை எடுக்கலாம். நம் ஊர்க் கோயில் கொடையை ஒட்டி நடக்கும் சடுகுடுப் போட்டியில் பாடிப் போகிறவரைப் பாருங்கள்: ஏழு பேர் நிற்கும் களத்துக்குள் தனியாக நுழைந்துவிட்டபின், நின்ற இடத்தில் நிற்பதைவிட ஆபத்தான செயல் அவருக்கு வேறில்லை, காலும் இடுப்பும் ஓயாமல் அசைந்துகொண்டிருப்பதுதான் அவருக்கு இருக்கிற ஒரே காவல். டூம் கொடுப்பது அந்தப் பாட்டுக்காரரின் பதற்றம். பிற்கால விளையாட்டுகள் பலவும் கொடுப்பது மறைந்திருந்து தாக்குபவரின் பதற்றம்.

தாங்கள் கணித ஆசிரியர் என்பதால் இன்னொன்றும் சொல்லத் தோன்றுகிறது. டூமில் முன்னோக்கி ஓடும் விசைக்கு 50 என்றும் பக்கவாட்டில் ஓடும் விசைக்கு 40 என்றும் எண் கொடுத்திருக்கிறார்கள். இரண்டு விசைகளையும் ஒரே நேரத்தில் அழுத்தினால், நிரலாளர்கள் மொத்த வேகத்துக்கு வரம்பு வைக்காமல் விட்டுவிட்டதால், ஆள் மூலைவிட்டத்தில் ஓடுகிறான். 50இன் வர்க்கம் 2500, 40இன் வர்க்கம் 1600. கூட்டி வர்க்கமூலம் எடுத்தால் 64 வருகிறது. நேராக ஓடுவதைவிட இது சுமார் 28 விழுக்காடு கூடுதல். பிதாகரஸ் தேற்றத்தைப் பேரன் எந்நேரமும் விரலால் நிறுவிக்கொண்டிருக்கிறான் என்று தாங்கள் ஆறுதல் கொள்ளலாம். தேர்வில் மதிப்பெண் வராது என்பது வேறு விஷயம்.

கட்டம் கட்டமான படத்தைப் பற்றி: அன்றைய 386, 486 வகைக் கணினிகளில் இவ்வளவு வேகமாக ஒரு முப்பரிமாணத் தோற்றத்தைக் காட்டுவதே பெரும்பாடு. ஐடி சாஃப்ட்வேர் நிறுவனத்தின் நிரலாளர் ஜான் கார்மாக், களம் முழுவதையும் முன்கூட்டியே இரண்டிரண்டாகப் பிரித்து ஒரு கிளை வரிசையில் அடுக்கி வைத்துவிட்டு, எந்தச் சுவர் முன்னால், எந்தச் சுவர் பின்னால் என்பதை நொடியில் தீர்மானிக்கும் முறையைக் கையாண்டார். அதற்குக் கொடுத்த விலை, ஓர் அறைக்கு மேல் இன்னோர் அறையை அமைக்க முடியாமல் போனது. மேலும் கீழும் குறி பார்க்கும் வேலையையும் விளையாட்டே செய்துவிடும். ஆனால் இந்தக் குறையே ஓடுகிறவனுக்கு வசதியாயிற்று. அவன் இடம், வலம் என்ற இரண்டை மட்டும் கவனித்தால் போதும். எதிரிகளும் பழுப்பு, இளஞ்சிவப்பு, சிவப்பு என்று தனித்தனி நிறத்திலும் உருவத்திலும் இருப்பதால், ஓடுகிற ஓட்டத்தில் ஓரக்கண்ணில் பட்டாலே யார் என்று தெரிந்துவிடும். புகைப்படம் போன்ற தெளிவுள்ள புதிய விளையாட்டுகளில் புல்லுக்குள் படுத்திருக்கும் எதிரியைத் தேடிக் கண்டுபிடிப்பதற்குள் பாதி நேரம் போய்விடுகிறது.

தங்களுக்குத் தலை சுற்றியதற்குக் காரணம், கண் 'ஓடுகிறோம்' என்கிறது, காதுக்குள் இருக்கும் சமநிலை உறுப்பு 'உட்கார்ந்திருக்கிறோம்' என்கிறது, இரண்டும் ஒத்துப்போகவில்லை. அறை விளக்கைப் போட்டுக்கொண்டு, திரையிலிருந்து நன்றாகத் தள்ளி அமர்ந்தால் குறையும். விசைப்பலகை தம் கையில் இருந்தால் இன்னும் குறையும். பக்கத்தில் இருந்து பார்க்கிறவருக்குத்தான் இது அதிகம்.

கேள்வி: நானும் நண்பர்களும் கைப்பேசியில் நூறு பேர் ஒரு தீவில் இறங்கி மோதும் விளையாட்டுகளை ஆடுகிறோம். 'டூம்', 'குவேக்' என்று சித்தப்பாமார்கள் பேசுவதெல்லாம் தங்கள் இளமைக் காலத்தை நினைத்துப் பூரிப்பதுதானே? உண்மையிலேயே அவற்றில் சரக்கு இருக்கிறதா?
— கல்லூரி மாணவர், மேலப்பாளையம்

பதில்: சித்தப்பாமார்களின் பூரிப்பில் ஒரு திருத்தம் முதலில். 2000ஐ ஒட்டிய ஆண்டுகளில் வண்ணார்பேட்டையிலும் ஜங்ஷன் பக்கத்திலும் இருந்த பிரவுசிங் சென்டர்களில் கொடிகட்டிப் பறந்தது 'கவுண்டர் ஸ்ட்ரைக்'. அது 1998இல் வந்த 'ஹாஃப் லைஃப்' விளையாட்டின் மேல் ரசிகர்கள் கட்டியது. அந்த ஹாஃப் லைஃபோ, டூமைச் செய்தவர்களே பின்னர் செய்த குவேக்கின் நிரலிலிருந்து வளர்த்தெடுக்கப்பட்டது. வம்சம் ஒன்றுதான் என்றாலும் குணம் வேறு: கவுண்டர் ஸ்ட்ரைக்கில் நின்று சுட்டால்தான் குறி தப்பாது, ஓடிக்கொண்டே சுட்டால் குண்டு எங்கெங்கோ போகும். குவேக் 3 ஆடுகிறவர்கள் ஒட்டுப்பலகைத் தடுப்புகளுக்கு அப்பால் கடைசி வரிசையில் ஒதுங்கியிருப்பார்கள். அவர்களை அடையாளம் காண்பது எளிது. உட்கார்ந்ததும் முதல் வேலையாக மவுஸைக் கவிழ்த்து, அடிமூடியைத் திருகி, உருண்டையை வெளியே எடுத்து, உள்ளிருக்கும் சின்ன உருளைகளில் வரிவரியாகப் படிந்த அழுக்கை நகத்தால் சுரண்டுவார்கள். குறி முள் ஒரு மயிரிழை திக்கினாலும் அவர்களுக்கு ஆட்டம் போயிற்று. அருகில் புதிதாக ஆடும் பையன் எவனாவது ஓரிடத்தில் நின்று குறி பார்த்தால், "ஏல, நிக்காதல, ஓடிக்கிட்டே இரு" என்று தடுப்புக்கு மேலாகக் குரல் வரும்.

இனி சரக்குக்கு வருவோம். 1996இல் வந்த குவேக், தரைக்கு மேல் தரை, பாலத்துக்கு அடியில் பாதை என்று முழு முப்பரிமாணத்தில் அமைந்தது. ஓட்டத்துடன் தாவலும் சேர்ந்துகொண்டது. அதில் காலடியில் ராக்கெட்டைச் சுட்டுக்கொண்டு அதன் வெடிப்பில் மேலே எழும்பி, படிக்கட்டே இல்லாத மாடத்தில் போய் இறங்கலாம். விலை, கொஞ்சம் உயிர். எவ்வளவு உயிரைக் கொடுத்து எவ்வளவு உயரத்தை வாங்குவது என்பது அந்தக் கணத்தில் எடுக்க வேண்டிய முடிவு. அதைவிட வியப்பானது, காற்றில் வேகம் கூட்டும் வித்தை. தரையில் கால் பட்டால் உராய்வு வேகத்தைக் குறைக்கும். காற்றில் அது இல்லை. மேலும், 'இதற்கு மேல் வேகம் கூடாது' என்ற சோதனையை நிரல் ஆளின் மொத்த வேகத்தின் மேல் நடத்தாமல், அழுத்தியிருக்கும் திசையில் உள்ள வேகத்தின் மேல் மட்டும் நடத்துகிறது. ஆகவே தாவிய நிலையில் பக்கவாட்டு விசையை அழுத்திக்கொண்டு மவுஸை மெதுவாக அதே பக்கம் திருப்பினால், ஒவ்வொரு தாவலுக்கும் வேகம் கூடிக்கொண்டே போகும். இதை யாரும் திட்டமிட்டு வைக்கவில்லை, ஆடியவர்கள் கண்டுபிடித்தார்கள். 2005இல் குவேக் 3இன் மூல நிரல் வெளியிடப்பட்டபோது, இந்த ஓட்டையை அடைக்கும் சரியான வழியும் அதிலேயே எழுதப்பட்டிருந்தது தெரிந்தது. ஆனால் அந்த வழியில் ஓடிப்பார்த்தால் நன்றாக இல்லை என்ற குறிப்புடன் அதைப் பயன்படுத்தாமல் விட்டிருந்தார்கள். பிழை என்று தெரிந்தும், கைக்கு இதமாக இருந்ததால் அதைக் காப்பாற்றிய அந்த முடிவை நான் பெரிதும் மதிக்கிறேன்.

குவேக் 3இல் இருவர் மட்டும் மோதும் ஆட்டத்தை ஒரு முறை பாருங்கள். களத்தில் கிடக்கும் கவசத்தை ஒருவர் எடுத்தால் அது 25 நொடிகளில் மீண்டும் அதே இடத்தில் தோன்றும். பெரிய உயிர்க் கோளம் 35 நொடிகளில். நல்ல ஆட்டக்காரர் சண்டை போட்டுக்கொண்டே இந்த இரண்டு கடிகாரங்களையும் மனத்துக்குள் ஓட்டி, பொருள் தோன்றும் நொடியில் அங்கே வந்து நிற்பார். எதிராளியும் அதே கணக்கைப் போட்டுக்கொண்டு வருவார். நீங்கள் ஆடும் தீவு விளையாட்டில் எத்தனை நிமிடங்கள் வீடு வீடாகப் புகுந்து பொறுக்குவதிலும், காரில் போவதிலும், புதரில் காத்திருப்பதிலும் கழிகின்றன, அதன்பின் எங்கிருந்து வந்தது என்றே தெரியாத ஒரு குண்டில் எத்தனை முறை முடிந்துபோகிறது என்று யோசியுங்கள். அதில் நட்பும் பேச்சும் இருக்கின்றன, மறுக்கவில்லை. ஆனால் சுடும் கலை என்று எடுத்துக்கொண்டால் அது தண்ணீர் ஊற்றிய மோர். 1997இல் அமெரிக்காவில் நடந்த குவேக் போட்டியில் வென்று, ஜான் கார்மாக்கின் சொந்த ஃபெராரி காரையே பரிசாக ஓட்டிச் சென்ற 'த்ரெஷ்' எனப்படும் டென்னிஸ் ஃபாங், இன்று கணினியில் எல்லோரும் கை வைக்கும் டபிள்யூ, ஏ, எஸ், டி என்னும் நான்கு விசைகளைப் பரவலாக்கியவர்களில் முதன்மையானவர். இடக்கை ஓடவும் வலக்கை பார்க்கவும் என்று பிரித்துக்கொண்ட அந்த வழக்கமே ஓட்டத்தின் தேவையால் நிலைபெற்றது.

வெறும் பழைய நினைவு என்றால் இதே பாணியில் புதிய விளையாட்டுகளை யாரும் செய்யமாட்டார்கள். 2018இல் 'டஸ்க்' வந்தது. 2020 முதல் 'அல்ட்ராகில்' கிடைக்கிறது. டூமை உருவாக்கியவர்களில் ஒருவரான ஜான் ரொமேரோ 2019இல் 'சிஜில்' என்ற பெயரில் டூமுக்குப் புதிய களங்களை அமைத்து இலவசமாகவே வெளியிட்டார். ஐடி சாஃப்ட்வேரும் 2016இல் டூமைப் புதுப்பித்தபோது, பதுங்கித் தேறும் முறையை ஏற்காமல், எதிரியை நெருங்கிப்போய் முடித்தால் உயிர் கிடைக்கும் என்று வைத்தது.

கேள்வி: இரத்தமும் பிசாசுமாக இருக்கும் இதையெல்லாம் ஒரு பத்திரிகை பாராட்டலாமா? ஏழாம் வகுப்புப் படிக்கும் என் மகன் தங்கள் வரியைக் காட்டி அனுமதி கேட்கிறான்.
— ஒரு தாய், அம்பாசமுத்திரம்

பதில்: அம்மா, அனுமதி கொடுக்க வேண்டாம். டூம் பதினேழு வயதுக்கு மேற்பட்டோருக்கானது என்று அமெரிக்காவிலேயே வகைப்படுத்தப்பட்டிருக்கிறது. என் வரியை அவன் காட்டினால் இந்த வரியையும் அவனிடம் காட்டுங்கள். விளையாட்டுகளில் வன்முறை குறித்து அமெரிக்க செனட்டில் விசாரணை நடந்தது 1993 டிசம்பர் 9இல். அதற்கு மறுநாள்தான் டூம் வெளியானது. அந்த விசாரணையின் விளைவாக அடுத்த ஆண்டு வயது வகைப்பாட்டு முறை வந்தது. அன்றிலிருந்து இவ்வகை விளையாட்டுகள் பிள்ளைகளைக் கொடியவர்களாக்குமா என்ற விவாதம் தீர்ந்தபாடில்லை. நான் அந்த விவாதத்துக்குள் போகாமலேயே, ஏழாம் வகுப்புக்கு இது வேண்டாம் என்கிறேன். கண்ணின் கவனத்தை இவ்வகை விளையாட்டுகள் கூர்மையாக்குகின்றன என்று க்ரீன், பவெலியர் என்னும் இருவர் 2003இல் 'நேச்சர்' இதழில் எழுதிய ஆய்வு ஒன்று உண்டு. எப்படியும் மகன் அதைத் தேடிப் பிடித்துக் கொண்டுவருவான் என்பதால் முன்கூட்டியே சொல்லிவைக்கிறேன். அது கண்ணைப் பற்றிய ஆய்வு, வீட்டுப்பாடத்தைப் பற்றியதல்ல.

ஓட்டத்தின் சுவை மட்டும் வேண்டுமென்றால் ஒரு வழி இருக்கிறது. 1996இல் அமெரிக்காவில் 'செக்ஸ்' (Chex) என்னும் காலை உணவின் பெட்டிக்குள் இலவசமாக வைத்துக் கொடுத்த 'செக்ஸ் குவெஸ்ட்' (Chex Quest) என்ற விளையாட்டு, டூமின் நிரலையே கொண்டு செய்யப்பட்டது. அதில் பச்சைக் கூழாக வரும் உயிரினங்களைக் கொல்வதில்லை, ஒரு கருவியால் அவற்றின் உலகத்துக்கே திருப்பி அனுப்பிவிடுகிறார்கள். இரத்தம் இல்லை, ஓட்டம் அப்படியே இருக்கிறது. நேரக் கட்டுப்பாடு மட்டும் தங்கள் கையில் இருக்கட்டும்.

கேள்வி: அந்தக் காலத்தில் டூமின் முதல் பகுதியை இலவசமாகக் கொடுத்தார்கள் என்கிறார்கள். வியாபாரம் எப்படி நடந்தது?
— ஒரு வாசகர், கடையநல்லூர்

பதில்: மூன்று பகுதிகளில் முதல் பகுதியின் ஒன்பது களங்களையும் யாரும் நகலெடுத்துப் பிறருக்குக் கொடுக்கலாம் என்று விட்டுவிட்டார்கள்; மற்ற இரண்டும் வேண்டுமென்றால் பணம் அனுப்பி வாங்க வேண்டும். நகலெடுத்தவர்கள் எல்லோரும் விளம்பரக்காரர்கள் ஆனார்கள். 1997 டிசம்பரில் மூல நிரலையும் வெளியிட்டுவிட்டதால், இன்றைக்கு எந்தக் கணினிக்கும் யாராவது டூமை மாற்றி எழுதி வைத்திருக்கிறார்கள். அடுத்த கடிதத்துக்கு அது உதவும்.

கேள்வி: ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன். பழைய கணினிகள் இரண்டு மூலையில் கிடக்கின்றன. கடை அடைத்த பிறகு கல்லூரியில் படிக்கும் என் மகனும் நானும் சேர்ந்து விளையாடலாம் என்று ஆசை. காசு செலவில்லாமல் எதைப் போடலாம்?
— கடைக்காரர், தென்காசி

பதில்: அண்ணாச்சி, தங்கள் கடிதம்தான் இந்தக் கடிதக் கட்டில் எனக்கு மிகவும் பிடித்தது. 'ஃப்ரீடூம்' என்று இருக்கிறது. டூமின் நிரலுக்கு ஏற்றபடி படங்கள், ஒலிகள், களங்கள் எல்லாவற்றையும் ஆர்வலர்கள் புதிதாகச் செய்து இலவசமாகக் கொடுத்திருக்கிறார்கள். அதை இயக்குவதற்கு 'பிஆர்பூம் பிளஸ்' போன்ற இலேசான மென்பொருள் போதும். பழைய கணினியே தாராளம். இரண்டு கணினிகளையும் ஒரு வலைக் கம்பியால் இணைத்தால், தங்களுக்குள் மோதவும் செய்யலாம், ஒரே அணியாக அரக்கர்களை எதிர்க்கவும் செய்யலாம். முதலில் அணியாக ஆடுங்கள். மோதினால் மகன் தங்களை நிற்க விடமாட்டான். குவேக் 3 போன்ற ஆட்டம் வேண்டுமென்றால் அதன் நிரலின் மேல் கட்டப்பட்ட 'ஓபன்அரீனா'வும் இலவசம். மகன் வெளியூரில் இருக்கும் நாட்களில் கணினியே எதிராளியாக ஆடும்.

தொடங்குமுன் அமைப்புகளில் இரண்டை மாற்றிவிடுங்கள். ஒன்று, 'எப்போதும் ஓட்டம்' என்பதைப் போட்டுவிடுங்கள். ஷிஃப்ட் விசையைச் சுண்டுவிரலால் அழுத்திக்கொண்டே இருந்தால் கை வலிக்கும். மற்றொன்று, பழைய டூமில் மவுஸை முன்னே தள்ளினால் ஆளும் முன்னே நகர்வான். அந்த மேல்கீழ் அசைவை அணைக்க அமைப்புகளில் ஒரு வரி இருக்கும். அதை அணைக்காமல் ஆடினால், எதிரி பக்கம் திரும்புவதற்காக மவுஸை வளைக்கும்போதெல்லாம் தாங்கள் நினைக்காமலேயே பச்சை அமிலத்துக்குள் இறங்கிவிடுவீர்கள்.